தோலுக்கு மட்டும்

சேமியாவுக்குத் தெள்ளு.
பேரைக் கேட்டுச் சிரிக்க வேண்டாம்,
கொண்டுவந்த அன்றே அதற்கு
நெய்யில் வறுத்த நிறம்.
இப்போது கழுத்துச் சடைக்குள்
ஓர் ஊரே குடியேறி
வாடகை தராமல் இருக்கிறது.

நாரஹேன்பிட்டி மிருக வைத்தியர்
சுண்டுவிரல் நீளத்தில் ஒரு குழாய் தந்தார்.
ஆயிரத்து அறுநூறு ரூபாய்,
உள்ளே முக்கால் மில்லிலீற்றர்.
"மிஸ், மயிருக்கு இல்ல, தோலுக்கு" என்றார்
தன்னிடமிருந்த நாலு தமிழ்ச் சொல்லையும்
அங்கேயே செலவழித்து.
அந்தச் சொல்லை அவ்வளவு மரியாதையாக
யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

போன மாதம் தனியாகத்தான் முயன்றேன்.
ஒரு கையால் பிடித்து
ஒரு கையால் பிரித்து
மூன்றாவது கையால் ஊற்றவேண்டிய வேலை.
மருந்தை முழுக்க மயிர் குடித்தது.
காலையில் பார்த்தால்
பிடரியில் வெள்ளை மாவாய்க் காய்ந்து கிடக்கிறது.
தெள்ளுகள் அதைச் சுற்றிப் போய்வந்தன.
என் முழங்கையில் நான்கு கோடுகள்.

ஆகவே ஆள் தேவை.
கொம்பனித்தெரு, ஒன்பதாம் மாடி.
எனக்குத் தெரிந்த ஒரே ஆள்
எதிர்க்கதவு ரபியா சல்டீன் ரீச்சர்.
மார்கழியிலிருந்து நாங்கள் பேசுவதில்லை.
தண்ணி மோட்டர் பில்.
இருநூற்றுப் பத்து ரூபாய்
அவர் தரவேண்டும், அல்லது நான்.
லிஃப்டுக்குள் இருவரும்
மாறும் இலக்கங்களை மிகக் கவனமாக வாசிப்போம்.

சனிக்கிழமை பின்னேரம் தட்டினேன்.
பேரே வாவி நாற்றம் ஜன்னல் வழியே ஏறிவரும் புழுக்கம்.
அவர் ஒன்றும் கேட்கவில்லை.
பூனையைப் பார்த்தார், குழாயைப் பார்த்தார்,
உள்ளே போய்
ஓரம் பிரிந்த குளியல் துவாயோடு வந்தார்.

குசினி மேசையில்
பூனையை ரொட்டிபோல் சுருட்டினோம்.
தலை மட்டும் வெளியே,
அதில் எங்கள் இருவர்மீதும் சமமான வெறுப்பு.

"சேமியா, உங்கட ஆளிட்டச் சொல்லுங்க,
முதுகில வேணாம், நக்கிப்போடும்.
பிடரியில, நாக்கு எட்டாத இடத்தில."

"சேமியா, ரீச்சரிட்டச் சொல்லு,
அந்த இடத்தைத்தான் தேடுறன்."

இரண்டு செய்தியையும் தன்னிடமே வைத்துக்கொண்டு
பூனை உறுமியது.

மேல்மயிரை விலக்கினால் பஞ்சு.
பஞ்சை விலக்கினால் அதற்குக் கீழே இன்னும் மெல்லிய பஞ்சு.
ஒரு சிக்கு, அதற்குள் திரைச்சீலை நூல்.
வகிடு எடுப்பேன், விரலை எடுத்தால் மூடிவிடும்,
பஸ் போனதும் மூடிக்கொள்ளும்
புறக்கோட்டைச் சனம் மாதிரி.
ரீச்சர் பூனையை ஒரு முழங்கையால் அமர்த்தி
தன் கொண்டையிலிருந்து
இரண்டு கிளிப்புகளைக் கழற்றினார்.
இடப்பக்கம் ஒன்று.
வலப்பக்கம் ஒன்று.
நரைத்த தலைமயிர் அவர் கழுத்தில் சரிந்தது.
அவருக்கு இவ்வளவு மயிர் என்று தெரியாது எனக்கு.

பிறகு, தோல்.
இளஞ்சிவப்பு, ஒரு அரிசி அகலம்.
நாலு வருடம் மடியில் வைத்துத் தடவிய பூனை.
நான் தொட்டதெல்லாம் கம்பளி.

குழாயின் மூக்கை அங்கே வைத்தேன்.
"மெல்ல" என்றார் ரீச்சர்,
பூனையிடமா என்னிடமா தெரியவில்லை.
அழுத்தினேன்.
ஒரு துளியும் வழியவில்லை.
கீழே எங்கோ மோட்டர் போட்ட சத்தம்,
குழாய்களுக்குள் தண்ணீர் மூச்சுவாங்கி ஏறியது,
இருவரும் கேட்காதது போல் நின்றோம்.

துவாயை உதறி மடித்தார்.
வாசலில் நின்று, முதன்முறையாக
பூனை இல்லாமல் கேட்டார்:
"அடுத்தது எப்ப?"
"முப்பது நாள்ல."
"பில்லும் அப்பதான் வரும்" என்று
கதவைச் சாத்தினார்.
அது சிரிப்பா என்று சொல்லமுடியாது.

கிளிப்பொன்று இன்னும் பிடரியில் இருக்கிறது.
சோபாவுக்கடியில் பட்டம்பெற்றவள்போல்
அதை அணிந்தபடி படுத்திருக்கிறாள்.
எடுக்கப்போனால் சீறுகிறாள்.
இருக்கட்டும்.
இரண்டு நாளைக்கு அங்கே கை வைக்கக்கூடாது என்றுதான்
மருந்துப் பெட்டியிலும் போட்டிருக்கிறது.